இளையாளுக்கு எத்தனை பெயர்!



சென்ற தவணையில் எங்கள் பள்ளியின் ஐந்தாம் ஆண்டுப் பிள்ளைகளை ஈப்போவுக்குக் கல்விச் சுற்றுலா அழைத்துப் போயிருந்தோம். இரயில் நிலையத்தைப் பார்த்தாயிற்று. பர்ச் மணிக்கூண்டைப் பார்த்தாயிற்று. பிறகு பழைய பட்டணத்துப் பங்லிமா சந்துக்குள் நுழைந்தோம். குறுகலான சந்து. இரண்டு பக்கமும் பழைய காலத்து வீடுகள். இன்று அவை ஐஸ்கிரீம் கடைகளாகவும் பொம்மைக் கடைகளாகவும் மாறி, சுற்றுப்பயணிகள் கூட்டம் நெரிகின்ற இடமாக இருக்கிறது.

பலகையில் எழுதியிருந்த ஆங்கிலப் பெயரை ஒரு மாணவன் எழுத்துக் கூட்டி வாசித்தான். "கான்குபைன் லேன். டீச்சர், கான்குபைன்னா என்னா டீச்சர்?"

உடன் வந்த ஆசிரியர்கள் இருவரும் திடீரென்று கட்டடக் கலையில் ஆர்வம் கொண்டு மேலே பார்க்கத் தொடங்கிவிட்டார்கள். பதில் சொல்லும் பொறுப்பு என் தலையில் விழுந்தது.

"அந்தக் காலத்துல சில பணக்காரங்க ஒரு மனைவி இருக்கும்போதே இன்னொரு பெண்ணோடவும் குடும்பம் நடத்துவாங்க. அந்தப் பெண்ணைத்தான் அப்படிச் சொல்வாங்க. தமிழ்ல இளையாள்னு ஒரு சொல் இருக்கு" என்றேன்.

"ஓ, சின்ன வீடா டீச்சர்!" என்றான் அவன். பிள்ளைகள் எல்லாரும் கொல்லென்று சிரித்தார்கள்.

ஒரு பையன் மட்டும் சிரிக்கவில்லை. குனிந்து தன் சப்பாத்தின் கயிற்றை அவிழ்த்து, மறுபடியும் கட்டிக்கொண்டிருந்தான். அவன் வீட்டு நிலைமை எனக்குத் தெரியும். அவன் யார், எந்தத் தோட்டத்துப் பிள்ளை என்பதை நான் இங்கே எழுதப் போவதில்லை. ஆனால் அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. எழுந்து அகராதியை எடுத்து வைத்துக்கொண்டேன். பல திருமணத்தைப் பற்றி நம் மொழியில் எத்தனை சொற்கள் இருக்கின்றன, அவை யாரைப் பற்றி என்ன சொல்கின்றன என்று தேடிப் பார்த்தேன். அந்தத் தேடலைத்தான் இந்த மாதம் உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

முதலில் அந்தச் சந்தின் கதையை முடித்துவிடுகிறேன். ஈப்போச் சீனர்கள் அதை யீ லாய் ஹோங் என்பார்கள். இரண்டாவது மனைவி சந்து என்று பொருள். பக்கத்திலுள்ள மார்க்கெட் சந்துக்கு மூன்றாவது மனைவி சந்து என்று பெயர். ஈயச் சுரங்கத்தால் செல்வம் சேர்த்த யாவ் டெட் ஷின் என்பவரின் பெயரைச் சேர்த்து ஊரில் கதை சொல்வார்கள். சுரங்க முதலாளிகள் தங்கள் இளைய மனைவியரைக் குடிவைத்த இடம் என்பது அந்தக் கதையின் சாரம். கவனித்தீர்களா? சந்துகளுக்கு மனைவியரின் வரிசைதான் பெயராக நிற்கிறது. அந்தப் பெண்களின் சொந்தப் பெயர் எந்தச் சந்திலும் இல்லை.

இனி நம் மொழிக்கு வருவோம்.

கணக்குச் சொல்லும் சொற்கள்

தாரம் என்றால் மனைவி. வடமொழியிலிருந்து வந்து நம்மோடு கலந்துவிட்ட சொல் இது. ஒருவனுக்கு ஒருத்தி என்று வாழ்வது ஒருதார மணம். இருவரோடு வாழ்வது இருதார மணம். அதற்கு மேலே போனால் பலதார மணம். ஒரு பெண் பல ஆண்களை மணந்தால் அது பல கணவர் மணம். பாரதக் கதையில் பாஞ்சாலிக்கு ஐவர் கணவர் என்பது நம் பிள்ளைகளுக்கும் தெரியும். அது கதையில் மட்டும் இருந்ததென்று எண்ண வேண்டாம். இலங்கையில் கண்டிப் பகுதிச் சிங்களவரிடையே அண்ணன் தம்பிகள் சேர்ந்து ஒரு பெண்ணை மணக்கும் வழக்கம் இருந்தது. 'ஒரே வீட்டில் உண்பது' என்று பொருள்படும் சொல்லால் அதைக் குறித்தார்கள். வெள்ளைக்காரர்கள் 1859ஆம் ஆண்டில் சட்டம் போட்டு அதைத் தடுத்தார்கள்.

தாரம் என்ற சொல்லிலிருந்து இன்னொரு அரிய சொல்லும் கிடைக்கிறது. மனைவியை இழந்த ஆண் தபுதாரன். தபுதல் என்றால் சாதல். தொல்காப்பியத்திலேயே தபுதார நிலை என்ற பெயர் இருக்கிறது. ஆனால் நம் லயத்தில் யாராவது ஓர் ஆணைப் பார்த்துத் தபுதாரன் என்று சொல்லக் கேட்டிருக்கிறீர்களா? நான் கேட்டதில்லை. கணவனை இழந்த பெண்ணுக்கோ விதவை, கைம்பெண், அறுதலி என்று வாய்க்கு வாய் சொற்கள். அறுதலி என்பதை வசைச் சொல்லாகவே ஆக்கிவிட்டோம்.

வரிசை சொல்லும் சொற்கள்

முதலில் வந்தவள் மூத்தாள். பின்னால் வந்தவள் இளையாள். மூத்தகுடியாள், இளையகுடியாள் என்றும் பெரியவர்கள் சொல்வார்கள். "அவன் மூத்தகுடியாள் மகன், இவன் இளையகுடியாள் மகன்" என்று பங்கு பிரிக்கும்போது இந்தச் சொற்கள் வெளியே வரும். முதல் தாரம், இரண்டாந்தாரம் என்பதும் அதே கணக்குத்தான். இதில் இளையாள் என்பது வயதைக் குறிப்பதன்று. வந்த வரிசையைக் குறிப்பது.

அரண்மனையிலும் இந்த வரிசை உண்டு. பட்டத்தரசியைப் பெருந்தேவி என்றார்கள். பெருந்தேவி என்று ஒருத்தி இருந்தால், அவளுக்குக் கீழே வேறு தேவியரும் இருந்தார்கள் என்பது சொல்லாமலே விளங்கும். முதலாம் இராஜராஜ சோழனுக்குத் தேவியர் பலர். பட்டத்தரசியான உலகமாதேவி திருவையாற்றில் எடுப்பித்த கோயில் இன்றும் இருக்கிறது.

தொல்காப்பியத்தின் கற்பியலில் இரண்டு சொற்றொடர்களைக் கண்டேன். பின்முறை வதுவை என்பது ஒன்று. வதுவை என்றால் திருமணம். ஆகவே பிற்பாடு நடக்கும் மறு திருமணம். தொன்முறை மனைவி என்பது மற்றொன்று. முன்பே மணந்த பழைய மனைவி. கணவன் இன்னொரு மணம் செய்துகொள்ளும் வேளையில் பழைய மனைவி தன் மகனை அழைத்துக்கொண்டு எதிரே வருவதைப் பற்றி அந்த இடம் பேசுகிறது. பழங்காலத்து இலக்கணப் புத்தகம்கூட, புது மணத்தைப் பற்றிப் பேசும்போது, பழைய மனைவி ஒருத்தி வாசலில் நிற்கிறாள் என்பதை மறக்கவில்லை. பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள் என்பதையும் மறக்கவில்லை.

பகை சொல்லும் சொற்கள்

ஒரே கணவனுக்கு வாய்த்த இரு பெண்களும் ஒருவருக்கொருவர் சக்களத்தி. இதன் பழைய வடிவம் சகக்களத்தி. களத்திரம் என்றாலும் மனைவிதான். உடன் மனைவி என்பதற்கு மேல் அந்தச் சொல்லில் எந்தக் கெடுதலும் இல்லை. ஆனால் "சக்களத்தி" என்று உரக்கச் சொல்லிப் பாருங்கள். நாக்கிலேயே சண்டை வந்துவிடும். பக்கத்து வீட்டுக்காரியைத் திட்டுவதற்கும் அதையே எடுத்துக்கொள்கிறோம். மாற்றாள் என்று இன்னொரு சொல் உண்டு. மாற்றார் என்றால் பகைவர் அல்லவா? அந்தப் பகை இந்தச் சொல்லிலும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. அவள் பிள்ளைக்கு வந்தால் மாற்றாந்தாய்.

நம் மலாய் நண்பர்களின் சொல்லைப் பாருங்கள். உடன் மனைவிக்கு அவர்கள் சொல்வது மாடு. நம் தொழுவத்து மாடு அல்ல. மலாயில் மாடு என்றால் தேன் என்றும் பொருள். பி. ரம்லி 1964ஆம் ஆண்டில் எடுத்த 'மாடு தீகா' படத்தைப் பார்த்துச் சிரிக்காதவர் நம் நாட்டில் குறைவு. மூன்று மனைவியரை ஒருவருக்கொருவர் தெரியாமல் வைத்துக்கொண்டு ஓடி ஓடி ஓய்ந்துபோகும் ஒருவனின் கதை. நாமும் "இரண்டு பெண்டாட்டிக்காரனுக்குக் கொண்டை எதற்கு?" என்று பழமொழி வைத்திருக்கிறோம். ஆளுக்கொரு பக்கம் இழுத்துக் கொண்டையே இருக்காது என்பது அதன் கேலி. அந்தக் கேலி நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கேலியில் முடிவது ஆண் கதை. வசையில் முடிவது பெண் கதை.

பழி சொல்லும் சொற்கள்

தாலி கட்டாமல் உடன் வாழ்பவளுக்கு வைப்பு, வைப்பாட்டி, தொடுப்பு, கூத்தியாள், சேர்த்துக்கொண்டவள் என்று அடுக்கிக்கொண்டே போகலாம். வைப்பு என்ற சொல்லைப் பாருங்கள். ஒரு பொருளை ஓரிடத்தில் வைப்பது போல ஒரு பெண்ணை வைத்திருக்கிறான் என்பதுதான் பொருள். வைத்தவனுக்குச் சொல் இல்லை. வைக்கப்பட்டவளுக்குத்தான் சொல்.

சின்ன வீடு என்பது பார்த்தால் மென்மையான சொல். பெரிய வீடு, சின்ன வீடு என்று வீட்டைச் சொல்வது போலச் சொல்லி ஆளைக் குறிக்கிறோம். 1985ஆம் ஆண்டில் பாக்யராஜ் அதே பெயரில் ஒரு படமே எடுத்தார். நம் பிள்ளைகளின் வாயில் அது விளையாட்டுச் சொல்லாகிவிட்டது. பங்லிமா சந்தில் அது யார் காதில் எப்படி விழுந்தது என்பதை முன்பே சொன்னேன்.

எல்லாக் காலத்திலும் இப்படி இழிவாகவே பேசினார்கள் என்று சொல்ல முடியாது. முதலாம் இராஜேந்திர சோழன் காலத்துத் திருவாரூர்க் கல்வெட்டுகளில் பரவை நங்கை என்ற பெண் வருகிறார். அவர் அரசனுக்கு அணுக்கி என்று அங்கே குறிக்கப்படுகிறார். அணுக்கமாக இருப்பவர், நெருக்கமானவர் என்று பொருள். திருவாரூர்க் கோயிலுக்கு அவர் செய்த பெருங்கொடைகளைக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். அவர் பட்டத்தரசி அல்லர். ஆயினும் அவருக்குச் சொந்தப் பெயர் இருக்கிறது. மரியாதையான ஒரு சொல்லும் இருக்கிறது. அரசனுக்கு நெருக்கமானவர் என்பதால் கிடைத்த மரியாதை என்று நீங்கள் சொன்னால் நான் மறுக்க மாட்டேன்.

மறுவாழ்வு சொல்லும் சொற்கள்

இன்னொரு வகைச் சொற்களை இவற்றோடு போட்டுக் குழப்பக்கூடாது. ஒரு வாழ்க்கை முடிந்த பிறகு மறு வாழ்க்கை தொடங்குவது வேறு. ஒன்று இருக்கும்போதே இன்னொன்று வேறு. முன்னதற்கு மறுமணம் என்று பெயர். நாட்டுப்புறத்தில் அறுத்துக்கட்டுதல் என்பார்கள். பழைய தாலியை அறுத்துவிட்டுப் புதிய தாலி கட்டிக்கொள்வது. பல சமூகங்களில் அது ஊரறிந்த, ஊர் ஒப்பிய வழக்கமாகவே இருந்திருக்கிறது. அந்த வழக்கம் இல்லாத சமூகத்தார் அதையும் ஏளனமாகப் பேசினார்கள். இந்தியாவில் 1856ஆம் ஆண்டிலேயே இந்து விதவைகளின் மறுமணம் செல்லும் என்று சட்டம் வந்துவிட்டது. அப்படியிருக்க, கணவனை இழந்த ஒரு பெண் இன்றைக்கு மறுபடியும் வாழத் துணிந்தால், அவளைப் பார்த்து வாய்க்கு வந்ததைச் சொல்ல நமக்கு என்ன உரிமை இருக்கிறது?

வாசக நேயர்களே, இத்தனை சொற்களையும் ஒரு தாளில் எழுதிப் பார்த்தேன். இருபதைத் தாண்டிவிட்டது. பெரும்பாலானவை பெண்ணைக் குறிப்பவை. நான்கு பேரைக் கட்டினாலும் ஆணுக்குக் கணவன் என்ற ஒரே சொல் போதும், பட்டம் மாறுவதில்லை. அவன் செய்கைக்கான பெயரையும் அவள்தான் சுமக்கிறாள். அவளுக்குப் பிறகு பிள்ளை சுமக்கிறது.

எங்கள் வீட்டுக் கதை

அடுத்தவர் வீட்டைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தால் நன்றாக இராது. எங்கள் வீட்டையும் சொல்லிவிடுகிறேன். என்னைப் பெற்ற அப்பாவின் தாய் ஓர் இளையாள்.

என் தாத்தா சுங்கை சிப்புட் பக்கம் ஒரு கித்தாத் தோட்டத்தில் பால்வெட்டிக்கொண்டிருந்தவர். முதல் மனைவிக்குப் பிள்ளை இல்லை. ஆகவே அந்த அம்மாளின் சொந்தத் தங்கையையே இரண்டாவதாகக் கட்டி வைத்தார்கள். 1950ஆம் ஆண்டு வாக்கில் நடந்தது. அக்காவே முன்னின்று தங்கையைக் கேட்டார் என்று எங்கள் குடும்பத்தில் பெருமையாகச் சொல்வார்கள். தங்கையிடம் யாராவது கேட்டார்களா என்று நான் வளர்ந்த பிறகு சின்னப் பாட்டியிடம் கேட்டேன். "என்னைய யாரும்மா கேட்டா? காலையில பெரட்டுக்குப் போன எங்கப்பா, சாயங்காலம் வெத்தல பாக்கோட வந்தாரு. அவ்வளவுதான்" என்றார்.

ஒரே லயத்து வீட்டில் இரண்டு அடுப்பு எரிந்தது. சண்டை இல்லாமல் இல்லை. சில நாள் அக்காளும் தங்கையும் பேசிக்கொள்ளாமல், நடுவில் என் அப்பாவை நிறுத்தி வைத்துப் பேசுவார்களாம். ஆனால் என் அப்பாவுக்கு எந்தச் சொல்லுக்கும் பஞ்சம் வரவில்லை. மூத்தவரைப் பெரியம்மா என்று கூப்பிட்டார். தாயின் அக்காளும் பெரியம்மாதான். தந்தையின் மூத்த மனைவியும் பெரியம்மாதான். அதேபோல் தாயின் தங்கை சின்னம்மா. தந்தையின் இளைய மனைவியும் சின்னம்மா. பெரியவர்கள் சக்களத்தி, மாற்றாள் என்று கத்தி செய்து வைத்திருக்கும்போது, பிள்ளைகளின் வாயில் மட்டும் நம் மொழி அம்மா என்ற சொல்லை வைத்திருக்கிறது. நான் தேடிய சொற்களில் எனக்குப் பிடித்தவை இந்த இரண்டும்தான்.

1987ஆம் ஆண்டில் தாத்தா இறந்தார். எனக்கு அப்போது ஏழு வயது. தாத்தாவின் சேமிப்புப் பணம் சம்பந்தமாகப் பட்டணத்துக்குப் போனபோது, மேசைக்குப் பின்னால் இருந்தவர் இரண்டு கிழவிகளையும் பார்த்து, "இதில் சம்சாரம் யார்?" என்று கேட்டாராம். பெரியப் பாட்டி தயங்கவில்லை. "ரெண்டு பேரும்தான். எழுதிக்குங்க" என்றாராம். இருவரும் கைநாட்டு வைத்துவிட்டு வந்தார்கள்.

அந்தப் பதில் சட்டப்படியும் சரியான பதில் என்பது எனக்குப் பிற்காலத்தில்தான் தெரிந்தது. அக்காலத்தில் இந்நாட்டில் இந்துக்களும் சீனர்களும் தங்கள் தங்கள் வழக்கப்படி ஒன்றுக்கு மேற்பட்ட மனைவியரை மணப்பதைச் சட்டம் தடுக்கவில்லை. சிங்கப்பூரில் 1908ஆம் ஆண்டில் 'ஆறு விதவைகள் வழக்கு' என்ற புகழ்பெற்ற வழக்கு நடந்தது. சூ எங் சூன் என்ற செல்வந்தர் இறந்ததும் ஆறு பெண்கள் நானே மனைவி என்று வந்து நின்றார்கள். சீனர் வழக்கம் பலதாரத்துக்கு இடம் கொடுக்கிறது என்பதை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. நம் நாட்டின் 1958ஆம் ஆண்டுச் சொத்துப் பகிர்வுச் சட்டத்திலும், வழக்கப்படி ஒன்றுக்கு மேற்பட்ட மனைவியர் இருந்தால், மனைவிக்குரிய பங்கை அவர்கள் சமமாகப் பகிர்ந்துகொள்ள வழி இருக்கிறது.

1982க்குப் பிறகு

இப்போது நான் சொல்லப்போவதைத் தயவுசெய்து கவனமாகப் படியுங்கள். படிக்கத் தெரியாதவர்கள் வீட்டில் இருந்தால் படித்துக் காட்டுங்கள்.

முஸ்லிம் அல்லாதவர்களுக்கான திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டம் 1976ஆம் ஆண்டில் நாடாளுமன்றத்தில் நிறைவேறி, 1982ஆம் ஆண்டு மார்ச் மாதம் 1ஆம் தேதி நடப்புக்கு வந்தது. அந்தத் தேதிக்கு முன்னால் வழக்கப்படி முறையாக நடந்த திருமணங்களைச் சட்டம் பதிவானவையாகவே ஏற்றுக்கொண்டது. என் பாட்டிமார் இருவரும் மனைவியராகவே நின்றது அதனால்தான். அந்தத் தேதிக்குப் பிறகு ஒருவருக்கு ஒருவர்தான். முதல் திருமணம் இருக்கும்போதே செய்யும் இரண்டாவது திருமணம் செல்லாது. அதோடு, குற்றவியல் சட்டத்தின் 494ஆம் பிரிவின்படி ஏழாண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றமும் ஆகும். முஸ்லிம் அன்பர்களுக்கு ஷரியா நீதிமன்ற அனுமதியோடு தனிச் சட்டம் உண்டு, அது வேறு.

ஆகவே மூத்தாள், இளையாள், இரண்டாந்தாரம் என்ற சொற்களெல்லாம் நம் வாயில் இருக்கலாம், சட்டத்தில் இல்லை. சட்டத்தில் மனைவி என்று ஒரு சொல் இருக்கிறது. அதற்கு வெளியே நிற்பவளுக்குச் சொல்லே இல்லை. ஏற்கெனவே மணமான ஒருவன் உயில் எழுதாமல் இறந்துவிட்டால், அவன் இரண்டாவதாகக் கட்டிக்கொண்டவளுக்கு அவன் சொத்தில் வாரிசுரிமை கிடையாது என்று சட்டம் தெளிவாகச் சொல்கிறது.

எங்கள் தோட்டத்திலேயே ஒன்று நடந்தது. தொண்ணூறுகளின் தொடக்கம். ஒரு லோரி ஓட்டுநர், தோட்டத்துக் கோயிலில் ஒரு பெண்ணுக்குத் தாலி கட்டினார். மேளம் அடித்தார்கள், பந்தி நடந்தது, நானும் உட்கார்ந்து சாப்பிட்டேன். பதிவைப் பற்றி யாரும் கேட்கவில்லை. "சாமி முன்னாடி கட்டியாச்சு, இனிமே காகிதம் எதுக்கு?" என்றார்கள் பெரியவர்கள். மூன்று பிள்ளைகள் பிறந்தன. ஒருநாள் சாலை விபத்தில் அவர் போய்விட்டார். சடலத்தை வாங்கப் போன இடத்தில், வேறு பட்டணத்திலிருந்து ஒரு பெண்மணி வந்து நின்றார். அவர் கையில் திருமணப் பத்திரம் இருந்தது. இவள் கையில் கல்யாண ஆல்பம் இருந்தது.

அந்தப் பெண் பிறகு என் அம்மாவிடம் வந்து அழுதாள். "அக்கா, நான் ஊரறியத் தாலி கட்டிக்கிட்டவதானே? அவருக்கு முந்தியே ஒரு குடும்பம் இருக்கிறது சத்தியமா எனக்குத் தெரியாதுக்கா" என்றாள். என் அம்மாவால் என்ன பதில் சொல்ல முடியும்? அதற்குள் லயம் முழுவதும் அவளுக்கு ஒரு பெயர் வைத்துவிட்டது. நேற்றுவரை சம்சாரம்; இன்று சின்ன வீடு. ஏமாற்றியவன் மாலையோடு போய்ச் சேர்ந்துவிட்டான். அந்த வந்த பெண்மணியைக் குறை சொல்லவும் இடமில்லை. அவரும் ஏமாற்றப்பட்டவர்தான்.

இப்படி நடக்காமல் இருக்க என்ன செய்யலாம்?

திருமணத்தைத் தேசியப் பதிவு இலாகாவில் பதிவு செய்யுங்கள். தாலி கட்டுவதற்கு முன்பே செய்வது நல்லது. விண்ணப்பம் கொடுத்தால் 21 நாள் அறிவிப்புப் பலகையில் பெயர் ஒட்டுவார்கள். மறுப்பு இருப்பவர் சொல்வதற்குத்தான் அந்த அவகாசம். சில கோயில்களிலேயே அரசாங்கம் நியமித்த துணைப் பதிவாளர்கள் இருக்கிறார்கள். ஒருவர் முன்பே மணமானவரா என்று இலாகாவில் சரிபார்க்கவும் வசதி உண்டு. "மாப்பிள்ளையைச் சந்தேகப்படுவதா?" என்று கூச்சப்படாதீர்கள். மண்டபத்துக்கு முன்பணம் கட்டுமுன் விசாரிக்கிறோம். பெண்ணைக் கொடுக்குமுன் விசாரிக்கக் கூடாதா?

பதிவில்லாத திருமணத்தின் சுமை பிள்ளைகள் மேல்தான் அதிகமாக விழுகிறது. பெற்றோர் இருவரும் சேர்ந்து கேட்டுக்கொண்டால் ஒழிய, அந்தப் பிள்ளையின் பிறப்புப் பத்திரத்தில் தந்தை பெயர் ஏறுவதில்லை. குடியுரிமை விஷயத்தில் பிள்ளை தாயைச் சார்ந்தே பார்க்கப்படுகிறது. தாயிடம் நீல அடையாள அட்டை இல்லையென்றால், தந்தை இந்நாட்டுக் குடிமகனாக இருந்தும் பிள்ளை குடியுரிமை இல்லாமல் நிற்க நேரிடும். பன்னிரண்டு வயதில் எல்லாப் பிள்ளைகளும் அடையாள அட்டை எடுக்கப் போகும்போது, வகுப்பில் ஒரு பிள்ளை மட்டும் பின்தங்கி நிற்பதை ஆசிரியையாக நான் பார்த்திருக்கிறேன். அந்தப் பிள்ளை எந்தத் தாலியையும் கட்டவில்லை. எந்தத் தாலியையும் கட்டிக்கொள்ளவும் இல்லை.

ஏற்கெனவே இந்த நிலையில் இருக்கும் தாய்மாருக்கும் ஒன்று சொல்கிறேன். கதவு முற்றிலும் அடைத்துவிடவில்லை. 1950ஆம் ஆண்டு மனைவி, மக்கள் பராமரிப்புச் சட்டத்தின்படி, திருமணப் பதிவு இல்லாமல் பிறந்த பிள்ளைக்கும் தந்தையிடமிருந்து ஜீவனாம்சம் கேட்கலாம். ஜபாத்தான் பந்துவான் குவாமான் என்ற சட்ட உதவி இலாகா இருக்கிறது; வசதி குறைந்தவர்களுக்காகவே ஏற்பட்டது. வெட்கப்பட்டு வீட்டில் உட்கார்ந்துவிடாதீர்கள். வெட்கப்பட வேண்டியவர் நீங்கள் அல்லர்.

கடைசியாகப் பங்லிமா சந்துக்குத் திரும்பி வருகிறேன்.

சுற்றுலா முடிந்த மறுநாள், தமிழ்மொழிப் பாடத்தில் உறவுப் பெயர்களை எடுத்தேன். கரும்பலகையில் அம்மா, பெரியம்மா, சின்னம்மா என்று மூன்று சொற்களை எழுதினேன். "மூன்றிலும் பொதுவாக இருக்கும் சொல் எது?" என்று கேட்டேன். "அம்மா!" என்று எல்லாரும் கத்தினார்கள். "அப்பாவோட இன்னொரு மனைவியையும் தமிழ்ல இப்படித்தான் கூப்பிடணும். வேற சொல் வேண்டாம். யார் வீட்டிலும் வேண்டாம்" என்றேன். வகுப்பு அமைதியாக இருந்தது. சின்ன வீடு என்று முதலில் சொன்ன பையன் தலையைச் சொறிந்துகொண்டான்.

ஓய்வு நேரத்தில் அந்த இன்னொரு பையன் என் மேசையருகே வந்தான். எதுவும் கேட்கவில்லை. கரும்பலகையை அழிக்கட்டுமா டீச்சர் என்று மட்டும் கேட்டான். அந்த மூன்று சொற்களை மட்டும் விட்டுவிட்டு மற்றதை அழித்தான்.

அடுத்த மாதம் வேறு சில சொற்களோடு சந்திப்போம். உங்கள் வீட்டுப் பெரியவர்கள் வழங்கும் அரிய சொற்கள் இருந்தால் எழுதி அனுப்புங்கள். வணக்கம்.